சவரிராஜின் திருச்சி

அட்லஸில் பதினான்கு பக்கங்கள் இருந்தன. எல்லாப் பக்கத்திலும் திருச்சிதான் என்று சொல்லித்தான் கொடுத்தார்கள். ஆனால் முதல் பக்கத்தைத் திறந்தபோது அமலோற்பவத்துக்கு அது எந்த ஊர் என்றே தெரியவில்லை.

காவிரி ஓரமாக ஒரு நூல் போலக் கிடந்தது. மலைக்கோட்டை ஒரு மிளகளவுக்கு இருந்தது. சத்திரம் பஸ் ஸ்டாண்ட் மட்டும் உள்ளங்கை அகலத்துக்கு விரிந்திருக்க, அங்கிருந்து ஒரே ஒரு சாலை கட்டைவிரல் தடிமனில் தெற்கே ஓடியது. அந்தச் சாலையின் இரண்டு பக்கமும் ஒரு டீக்கடை, ஒரு பஞ்சர் கடை, பாலக்கரை ரவுண்டானா என்று வட்டங்கள். கலெக்டர் ஆபீஸ் இல்லை. ஏர்போர்ட் இல்லை. ஸ்ரீரங்கம் இருக்கவேண்டிய இடத்தில் வெறும் தாள்.

"இது உங்க வீட்டுக்காரரோட திருச்சிம்மா," என்றாள் டாக்டர் ஃபர்சானா.

அந்த ஆய்வகத்துக்கு அவள்தான் தலைவி. முப்பத்தைந்து வயதுக்கு மேல் இருக்காது. மறதி நோய் வந்தவர்களின் மனசுக்குள் இருக்கும் ஊரை வரைபடமாக எடுப்பது அவள் வேலை. அடுத்த அறையில் சவரிராஜ் ஜன்னலோரம் உட்கார்ந்து ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். பத்து மாதமாக அவர் நெற்றியைச் சுற்றி ஒரு மெல்லிய துணிப்பட்டை இருந்தது. அதை இன்று காலைதான் கழற்றியிருந்தார்கள்.

"இதை எப்படி எடுத்தீங்க? அவரே வரைஞ்சாரா?"

"இல்லம்மா. நம்ம மூளையில ஒவ்வொரு இடத்துக்கும் கொஞ்சம் செல்லுங்க இருக்கு. அந்த இடத்துக்குப் போனா அதுங்க மட்டும் மின்னும். வீட்ல படுத்துக்கிட்டு அந்த இடத்தை நினைச்சாலும் மின்னும். அந்தப் பட்டை அதைத்தான் பதிஞ்சுது. அடிக்கடி மின்னுற இடம் படத்துல பெருசா வரும். மின்னாத இடம் சுருங்கிக்கிட்டே வந்து இல்லாமப் போயிடும். இருபது நாளைக்கு ஒரு பக்கம்."

அமலோற்பவம் பக்கங்களைப் புரட்டினாள். முதல் பக்கத்தில் கருமண்டபத்தில் இருக்கும் அவர்கள் வீடு ஒரு ரூபாய்க் காசு அளவில் இருந்தது. ஐந்தாம் பக்கத்தில் பாதியாகியிருந்தது. ஒன்பதாம் பக்கத்தில் மாதா கோயில் இல்லை. பதினோராம் பக்கத்தில் அவருடைய தம்பி வீடு இல்லை. அவள் முப்பத்துநான்கு வருஷமாகத் தபால் பிரிக்கிறவள்; திருச்சியில் எந்தத் தெரு எந்தத் தபால்காரர் பையில் விழும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வாள். அப்படிப்பட்டவள் கண்ணெதிரே ஒரு ஊர் தாளுக்குத் தாள் காலியாகிக்கொண்டு வந்தது.

ஒரே ஒரு இடம் மட்டும் வளர்ந்துகொண்டு வந்தது. முதல் பக்கத்திலேயே அது வீட்டைவிடப் பெரிது. கடைசிப் பக்கத்தில் பாதித் தாளை மூடியிருந்தது. கருநீலத்தில், பெயரில்லாமல்.

"இது என்ன இடம்?"

"உங்ககிட்டக் கேக்கணும்னு இருந்தேன்," என்றாள் ஃபர்சானா. "அவரு வீட்டைவிட்டுக் கிளம்பினா கால் இங்கதான் போகுது. ரெண்டு தடவை போலீஸ்காரங்க கொண்டாந்து விட்டாங்கன்னு சொன்னீங்களே, அதுவும் இங்கருந்துதான்."

வேறு வீடா என்று ஒரு கணம் அமலோற்பவத்துக்குத் தோன்றியது. முப்பத்தாறு வருஷக் குடித்தனத்துக்குப் பிறகு அப்படித் தோன்றியதே அவளுக்கு வெட்கமாக இருந்தது. ஃபர்சானா மேஜைத் திரையில் நிஜமான திருச்சி வரைபடத்தை அதன் மேல் பொருத்தினாள். விரிந்து கிடந்த நீலம் சுருங்கிச் சுருங்கி ஒரு புள்ளியில் வந்து நின்றது.

"பழைய சோப்பு கம்பெனி ஸ்டாப்," என்று படித்தாள் ஃபர்சானா. "பாலக்கரை தாண்டி."

அமலோற்பவம் அட்லஸை மூடினாள்.

"என் பொண்ணு பஸ் ஏறுற ஸ்டாப்," என்றாள்.

பெனிட்டா இறந்து பத்தொன்பது வருஷம் ஆகிறது. பதினொன்றாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தாள். அப்போது அவர்கள் வரகனேரியில் குடியிருந்தார்கள். சவரிராஜ் தனியார் டவுன் பஸ் ஓட்டினார். காலை எட்டு ஐந்துக்கு அவர் வண்டி சோப்பு கம்பெனி ஸ்டாப்புக்கு வரும். பெனிட்டா அதில்தான் பள்ளிக்கூடம் போவாள். டிக்கெட் எடுக்கவேண்டாம் என்று கண்டக்டர் சொன்னாலும் எடுப்பாள்.

அன்றைக்கு எட்டு ஐந்து வண்டி அவளுக்குக் கிடைக்கவில்லை. ஷேர் ஆட்டோவில் ஏறினாள். பாலக்கரை பாலத்துக்கு அந்தப் பக்கம் அது ஒரு மணல் லாரியில் மோதிக் கவிழ்ந்தது. ஆட்டோவில் இருந்த ஏழு பேரில் ஆறு பேர் எழுந்து நின்றார்கள்.

வண்டி ஏன் கிடைக்கவில்லை என்பது அமலோற்பவத்துக்குத் தெரியும். அன்று காலை பெனிட்டாவின் ரெட்டைச் சடையில் ஒன்று கோணலாக இருந்தது. "இப்படியேவா போவ" என்று பிடித்து உட்காரவைத்து, ரிப்பனை அவிழ்த்து, முழுதாக மறுபடி பின்னினாள். "லேட்டாகுதும்மா" என்று அவள் நெளிந்துகொண்டே இருந்தாள். ஏழு நிமிஷம். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தது நன்றாக நினைவிருக்கிறது. அந்த ஏழு நிமிஷத்தை அமலோற்பவம் பத்தொன்பது வருஷமாக விடாமல் சுமந்துகொண்டிருந்தாள். அதற்குப் பிறகு யார் தலையையும் அவள் பின்னியதில்லை. அண்ணன் மகள் கல்யாணத்தில் பெண்ணுக்குச் சடை போடக் கூப்பிட்டபோது எழுந்து வந்துவிட்டாள். "நான்தான் அனுப்பினேன், நான்தான் லேட்டா அனுப்பினேன்" என்று அவள் அழும்போதெல்லாம் சவரிராஜ் பக்கத்தில் வந்து உட்காருவார். "விடு அமலா," என்பார். வேறு எதுவும் சொல்லமாட்டார்.

"மன்னிச்சிடுங்கம்மா, எனக்குத் தெரியாது," என்றாள் ஃபர்சானா.

"பரவால்லம்மா. அவர் மனசுல அந்த இடம் பெருசா இருக்கறது நியாயந்தான."

"நியாயந்தான். ஆனா ஒண்ணுதான் எனக்குப் புரியல." ஃபர்சானா திரையில் எதையோ பெரிதாக்கினாள். "இடம் பதியும்போது எந்தப் பக்கமிருந்து பார்த்தோம்ங்கறதும் சேர்ந்து பதியும். அவர் மனசுல இருக்கற மத்த ஸ்டாப் எல்லாம் வண்டியை நிறுத்திப் பார்த்த மாதிரி இருக்கு. இது மட்டும் நிக்காமக் கடந்துபோறப்பப் பார்த்த மாதிரி இருக்கு. டிரைவர் சீட்ல இருந்து, ஒரே ஒரு தடவை. அந்த ஒரு தடவைதான் திரும்பத் திரும்ப மின்னிக்கிட்டே இருக்கு."

அமலோற்பவம் அட்லஸைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். ஃபர்சானாவும் அதை விட்டுவிட்டு, அவர்கள் வந்த விஷயத்துக்கு வந்தாள். காதுக்குப் பின்னால் ஒட்டும் ஒரு சின்னக் கருவி இருக்கிறது. மனசிலுள்ள வரைபடத்தில் வீட்டை ஆழப்படுத்தும். பிறகு எங்கே போனாலும் கால் தானாக வீட்டுக்குத் திரும்பும். ஆனால் இந்த நீலம் இவ்வளவு பெரிதாக இருக்கும்வரை அது வேலை செய்யாது. தண்ணீர் பள்ளத்துக்குப் போவது போல அவர் அங்கேதான் போவார். முதலில் அதைச் சமப்படுத்தவேண்டும்.

"சமப்படுத்தினா?"

"அந்த இடம் போயிடும். அந்த இடத்தோட ஒட்டிக்கிட்டிருக்கற ஆளுங்களும் போயிடலாம். எதுவும் திரும்ப வராது. யோசிச்சுச் சொல்லுங்கம்மா."

அடுத்த வியாழக்கிழமை அமலோற்பவம் லீவு போட்டாள். காலையில் கதவைப் பூட்டாமல் வைத்தாள். எட்டேகாலுக்குச் சவரிராஜ் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். இருபது அடி தள்ளி அவள் பின்னாலேயே போனாள்.

அவர் எங்கும் தயங்கவில்லை. சொந்த வீட்டில் பாத்ரூம் எந்தப் பக்கம் என்று கேட்கிற மனிதர், ஜங்ஷன் மேம்பாலத்தடியில் புகுந்து, சந்துகளில் திரும்பி, ஒன்றேகால் மணி நேரம் நடந்து சோப்பு கம்பெனி ஸ்டாப்புக்குப் போய்ச் சேர்ந்தார். கம்பெனி இடித்து வருஷக்கணக்காகிறது. பெயர் மட்டும் நிற்கிறது.

நிழற்குடையில் யாரும் இல்லை. அவர் ரோட்டோரம் நின்று வருகிற பஸ்களைப் பார்த்தார். இப்போது எந்த டவுன் பஸ்ஸிலும் டிரைவர் கிடையாது. ஆள் இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஒவ்வொரு ஸ்டாப்பிலும் நின்று, கதவைத் திறந்து, எட்டு எண்ணுகிற நேரம் காத்திருந்து, மூடிக்கொண்டு போகும். மூன்று பஸ் அப்படிப் போனது. நாலாவது வந்தபோது அவர் ரோட்டில் இறங்கப் பார்த்தார். அமலோற்பவம் ஓடிப்போய்ப் பெஞ்சில் உட்கார்ந்து, "கொஞ்சம் இப்படி வந்து உக்காருங்க," என்றாள்.

அவர் மரியாதையாக வந்து உட்கார்ந்தார். அவளைப் பார்த்தார். அடையாளம் தெரியவில்லை. அந்த இடத்தில் அவருக்கு அவள் யாரோ ஒரு பயணி.

"எந்த வண்டிக்கு நிக்கிறீங்க?"

"எது வந்தாலும் சரி."

"எல்லா வண்டியும் நிக்குது, பாத்தீங்களா. ஆளே இல்லாட்டியும் நிக்குது." கொஞ்ச நேரம் கழித்து, "நாங்க ஓட்டுறப்ப இப்படி இல்ல," என்றார்.

"நீங்க டிரைவரா?"

"டவுன் பஸ். எட்டு அஞ்சுக்கு இங்க வந்துடுவேன்." முழங்காலைத் தடவிக்கொண்டார். "ஒருநாள் நிறுத்தல."

"ஏன்?" என்றாள் அமலோற்பவம்.

"பின்னாடி இன்னொரு கம்பெனிக்காரன் ஒட்டிக்கிட்டு வந்தான். படியெல்லாம் பசங்க தொங்குறானுங்க. நின்னா அவன் முந்திடுவான். அது கை காட்டுச்சு. அடுத்ததுல வான்னு நானும் கை காட்டிட்டுப் போயிட்டேன். கோவிச்சுக்கல. சிரிச்சுச்சு."

"யாரு?"

"எம்பொண்ணு."

ஒரு பஸ் வந்து நின்று, கதவைத் திறந்து, மூடிக்கொண்டு போனது.

"உங்க பொண்ணு அன்னைக்கு லேட்டா வந்துச்சோ," என்றாள் அமலோற்பவம்.

"இல்லையே. எனக்கு முந்தியே வந்து நின்னுச்சு. ரெட்டைச் சடை. அழகாப் பின்னியிருந்துச்சு, ரிப்பன் நேரா இருந்துச்சு. தூரத்துலேயே பாத்துட்டேன்."

"வீட்ல சொன்னீங்களா?"

இல்லையென்று அவர் தலையை ஆட்டினார். "என் சம்சாரம் தான்தான் லேட்டாக்கிட்டேன்னு அழுதுக்கிட்டு இருந்தா. முதல் நாளே சொல்லியிருக்கணும். முதல் நாள் வாய் வரல. ரெண்டாவது நாள், முதல் நாள் ஏன் சொல்லலன்னு கேப்பாளேன்னு இருந்துச்சு. அப்புறம் நாள் போயிடுச்சு." பிறகு அவள் பக்கம் குனிந்து, தாழ்ந்த குரலில், "நீங்க அவளைப் பாத்தா சொல்லிடாதீங்க," என்றார்.

ஆட்டோ பிடித்து வீட்டுக்குக் கூட்டிவந்தாள். வழியில் அவரைத் தொடவில்லை.

நான்கு நாள் அவள் அவரிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. சோறு வைத்தாள், மாத்திரை கொடுத்தாள், துணி துவைத்தாள். அவருக்கு அந்த வித்தியாசம் தெரியவில்லை. அதுவே அவள் கோபத்தை இன்னும் ஏற்றியது. சண்டை போடுவதற்கு அந்தப் பக்கம் ஆளில்லை. நிறுத்தாமல் போனதைக்கூட அவளால் எப்படியோ தாண்டிவிட முடியும் போல இருந்தது. நெரிசலில் ஓட்டுகிறவன், அடுத்த வண்டியில் வா என்று பெற்ற மகளிடம் சொன்னது ஒரு குற்றமா. ஆனால் பத்தொன்பது வருஷம், ஒவ்வொரு கல்லறைத் திருநாளிலும், பெனிட்டா இறந்த ஜூன் மாதம் வரும்போதெல்லாம், அந்த ஏழு நிமிஷத்தைச் சொல்லி அவள் தலையில் அடித்துக்கொண்டபோது, பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். ரிப்பன் நேராக இருந்தது என்ற ஒரு வார்த்தை போதும். அதைத் தெரியாத பயணியிடம் சொல்கிறார். அவளிடம் சொல்லவில்லை.

ஐந்தாம் நாள் தனியாக ஆய்வகத்துக்குப் போனாள்.

"சமப்படுத்திடுங்க," என்றாள்.

ஃபர்சானா படிவத்தை உடனே நீட்டவில்லை. "இன்னொரு தடவை சொல்லிடறேன்மா. அந்த இடத்தோட உங்க பொண்ணும் சேர்ந்துதான் இருக்கு. பேர், முகம், எல்லாமே போயிடலாம். ஃபோட்டோவைக் காட்டினாலும் வராது."

"போகட்டும்."

"அவருக்கு அந்த வலியே வேணாம்னு நினைக்கிறீங்க." ஃபர்சானாவின் கண் கலங்கியிருந்தது. அவள் கையை எட்டி அமலோற்பவத்தின் கை மேல் வைத்தாள். "எல்லாருக்கும் இந்த மனசு வராது."

அமலோற்பவம் கையை இழுத்துக்கொண்டு பேனாவை எடுத்தாள். அவள் மனதில் இருந்தது வேறு. அந்த மனிதருக்கு என் பெண்ணை வைத்துக்கொள்ளும் யோக்கியதை இல்லை, அவளைத் திருப்பி வாங்கிக்கொள்கிறேன் என்றுதான் கையெழுத்துப் போட்டாள். ரோட்டில் அடிபடாமல் இருக்கவேண்டும் என்பதெல்லாம் உண்மைதான், ஆனால் பேனா தாளில் ஓடியபோது அது அவள் நினைப்பில் இல்லை. இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை, சாமியாரிடம் செய்யும் பாவசங்கீர்த்தனத்தில்கூட.

மூன்று காலை வேளைகளில் முடிந்துவிட்டது. ஊசி இல்லை, கத்தி இல்லை. சவரிராஜ் ஒரு நாற்காலியில் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார், அவ்வளவுதான். மூன்றாம் நாள் காதுக்குப் பின்னால் அவரைக்காய் விதை அளவுக்குக் கருவியை ஒட்டி அனுப்பினார்கள்.

மாற்றம் கண்ணுக்குத் தெரிந்தது. காலையில் எழுந்தால் பல் துலக்கிவிட்டு வாசலில் உட்கார்ந்தார். கடைத்தெருவுக்குப் போனார், திரும்பிவந்தார். ஒருநாள் தென்னூர் வரை போய்விட்டு, மழை வருகிறது என்று அவராகவே வீட்டுக்கு வந்து துணியை எடுத்து உள்ளே போட்டார். முகத்தில் எப்போதும் இருந்த ஒரு இறுக்கம் போய்விட்டது. அதை இத்தனை காலம் அவர் முகவாகு என்று நினைத்திருந்தாள். எதிர்வீட்டு ரோஸ்லின் டீச்சர், "அண்ணன் பத்து வயசு குறைஞ்சுட்டாரு அமலாக்கா," என்றாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து அவள் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தபோது, அவர் கூடத்துச் சுவரில் மாட்டியிருந்த படத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"இது யாரு?"

அவள் நிமிர்ந்தாள். பள்ளிச் சீருடையில் பெனிட்டா.

"தெரிஞ்சவங்க பொண்ணு," என்றாள்.

"நல்லா சிரிக்குது. எங்க இருக்கு இப்ப?"

"வெளியூர்ல."

"எங்க இருந்தாலும் நல்லா இருக்கட்டும்," என்று சொல்லிவிட்டு அவர் விசிறியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்.

அமலோற்பவம் சமையலறைக்குள் போய்த் தரையில் உட்கார்ந்தாள். இதைத்தானே கேட்டு வாங்கினோம் என்று நினைத்தாள். பெனிட்டா தும்மினால் சரியாக மூன்று முறை தும்முவாள். பூரிக்குச் சர்க்கரை தொட்டுக்கொள்வாள். சைக்கிள் கற்றுக்கொண்ட அன்று விழுந்து, அழாமல், "அப்பா, ரோடு இடிச்சிருச்சு" என்றாள். இதையெல்லாம் சொன்னால் "ஆமாமா" என்று சொல்ல உலகத்தில் ஒரே ஒருவர்தான் இருந்தார். இனிமேல் இதெல்லாம் நடந்தது என்பதற்கு அவளைத் தவிர சாட்சி இல்லை. நாளைக்கு அவளே ஏதாவது ஒன்றைத் தப்பாக நினைவு வைத்துக்கொண்டால் திருத்துவதற்கும் ஆளில்லை. கோபத்தைத் தேடிப் பார்த்தாள். அதையும் காணோம்.

இரண்டு மாதம் கழித்து, காதுக்குப் பின்னாலிருந்த கருவி பதிந்த பதினைந்தாம் பக்கத்தைக் காட்ட ஃபர்சானா கூப்பிட்டாள்.

நீலம் இருந்த இடம் வெள்ளையாகக் கிடந்தது. வீடு பெரிதாகி, சுற்றியிருந்த தெருக்களெல்லாம் அதை நோக்கிச் சாய்ந்திருந்தன. ஃபர்சானாவுக்கு அதில் பெருமை. எல்லாவற்றையும் விளக்கிவிட்டு, "இது ஒண்ணுதான் புதுசு," என்று ஒரு கோட்டைத் தொட்டாள்.

வெள்ளையின் நடுவிலிருந்து ஒரு பாதை கிளம்பியிருந்தது. மயிரிழை அகலம்தான். ஆனால் கல்லில் கீறியது போல அத்தனை ஆழம்.

"மேல அந்தப் பெரிய இடம் கவிஞ்சிருந்ததால இவ்வளவு நாள் இது தெரியல. பழசும்மா இது, ரொம்பப் பழசு. ஆயிரம் தடவைக்கு மேல நடந்திருக்கணும், இல்லாட்டி இவ்வளவு ஆழமாப் பதியாது. சோப்பு கம்பெனி ஸ்டாப்ல இறங்கி, இப்படியே இருபது நிமிஷம் நடந்து, இந்த இடத்துக்கு வந்து நிக்கிறாரு. உள்ள போகல. அப்படியே திரும்பிடறாரு. ஒவ்வொரு தடவையும்." திரையில் நிஜ வரைபடத்தைப் பொருத்தினாள். "ஏதோ கேட் மாதிரி இருக்கு. உங்களுக்குத் தெரியுமா?"

அமலோற்பவத்துக்குத் தெரியும். பச்சை பெயிண்ட் அடித்த இரும்புக் கேட். அதன் வழியாகத்தான் முப்பத்துநான்கு வருஷமாக உள்ளே போய் வருகிறாள்.

"நான் வேலை பாக்கற போஸ்ட் ஆபீஸ். பக்கவாட்டு கேட்."

"உங்களைக் கூட்டிட்டுப் போக வருவாரா?"

"ஒருநாளும் வந்ததில்ல. நான் பாத்ததில்ல."

ஃபர்சானாவுக்கு விளங்கவில்லை. அமலோற்பவம் அந்தக் கோட்டின் மேல் விரலை வைத்தாள். ஷிப்ட் முடிந்து, அந்த ஸ்டாப்பில் இறங்கி, இன்றைக்குச் சொல்லிவிடலாம் என்று நடந்துவந்து, கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்று, திரும்பிப் போயிருக்கிறார். ஆயிரம் தடவை. உள்ளே அவள் தபால் பிரித்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

"அந்த இடத்தைத் திரும்பக் கொண்டுவர முடியுமாம்மா?" என்றாள்.

ஃபர்சானா அவள் முகத்தைப் பார்த்தாள். "முடியாதும்மா. அன்னைக்கே சொன்னேனே."

"ஆமா. சொன்னீங்க."

"வேணும்னா இந்தப் பாதையையும் எடுத்துடலாம். இப்ப இதுக்கு ஒரு அர்த்தமும் இல்ல அவருக்கு."

"வேணாம்," என்றாள் அமலோற்பவம். "இது இருக்கட்டும்."

மறுநாள் போஸ்ட் மாஸ்டரிடம் சொல்லித் தன் மேஜையைப் பக்கவாட்டு ஜன்னலோரம் மாற்றிக்கொண்டாள். வெளிச்சம் போதவில்லை என்று காரணம் சொன்னாள். ஒவ்வொரு நாளும் மூன்று மணிக்கு மேல் கேட்டைப் பார்த்துக்கொண்டே வேலை செய்தாள். தபால் வண்டிகள் வந்தன, ஆட்கள் போனார்கள். அவர் வரவில்லை. இரண்டு வாரம் ஆனது. பாதை மனசில் இருந்தாலும் கால் மறந்திருக்கும் என்று நினைத்தாள்.

பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை, நாலு மணிக்குக் கொஞ்சம் முன்னால், வந்தார்.

நிதானமாக நடந்துவந்து கேட்டுக்கு வெளியே நின்றார். ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டார். செருப்பைக் குனிந்து பார்த்தார். இப்படித்தான் நின்றிருக்கிறார் என்று ஜன்னலிலிருந்து அவள் பார்த்தாள். அவர் கையை எடுத்துத் திரும்பியபோதுதான் அவளுக்கு உயிர் வந்தது. கையிலிருந்த கடிதக் கட்டைப் போட்டுவிட்டு ஓடினாள்.

"என்னங்க."

அவர் நின்றார். இப்போதெல்லாம் அவளைக் கண்டால் வீட்டிலிருக்கிற அம்மா என்று தெரியும். பெயர் சில நாள் வரும், சில நாள் வராது.

"இங்க எதுக்கு வந்தீங்க?"

"தெரியல," என்றார். கூச்சத்துடன் சிரித்தார். "ஏதோ சொல்லணும்னு வந்தேன். இங்க வந்ததும் மறந்துபோச்சு."

அவளுக்கு மூச்சு வாங்கியது. அவர் பிடித்திருந்த கம்பியைத் தானும் பிடித்துக்கொண்டாள்.

"நீங்க ஏற்கெனவே சொல்லிட்டீங்க. நான் கேட்டுட்டேன். நான்தான் உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்."

"சொல்லுங்க."

"உங்ககிட்ட இருந்த ஒண்ணை நான் எடுத்துட்டேன். உங்களைக் கேக்காம எடுத்தேன். கோவத்துல."

அவர் கவனமாகக் கேட்டுக்கொண்டார், பஸ்ஸில் பொருளைத் தொலைத்த பயணியின் புகாரைக் கேட்பது போல.

"முக்கியமான சாமானா?"

"ஆமா."

"என்னுதா?"

"உங்களதுதான். நம்ம ரெண்டு பேரோடதும்."

அவள் முகம் நனைந்திருப்பது அவரைச் சங்கடப்படுத்தியது போலிருந்தது. கையை உயர்த்தி, என்ன செய்வது என்று தெரியாமல், அவள் தோளில் இரண்டு தட்டுத் தட்டினார்.

"அழுவாதீங்க. கோவத்துல செஞ்சதுதான. எனக்கு ஒண்ணும் மனசுல இல்ல," என்றார். பிறகு, "தேடிப் பாருங்க. கிடைச்சாக் குடுங்க, போதும்."

அவள் தலையாட்டினாள்.

உள்ளே போய் ஒரு மணி நேரப் பர்மிஷன் எழுதிக் கொடுத்துவிட்டு, பையை எடுத்துக்கொண்டு வந்தாள். அவர் அதே இடத்தில் காத்திருந்தார். அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். வீடு எந்தப் பக்கம் என்று அவள் சொல்லவேண்டியிருக்கவில்லை. அவர்தான் வழி காட்டிக்கொண்டு போனார்.